வேட்டி எப்போ இறங்கிச்சு?
வாசகர் கேள்வி, இயக்குநர் பதில்

(கல்லிடைக்குறிச்சியில் பிறந்தவர். 1984-ல் சென்னைக்கு ரயிலேறி, ஒன்பது வருடம் உதவி இயக்குநராக இருந்து, ஒரு படமும் நாலு தொடர்களும் இயக்கிவிட்டு 2017-ல் ஊர் திரும்பினார். "என் பேரு போடாண்டாம், கேட்டவங்க பேரும் போடாண்டாம், ஊரு மட்டும் போதும்" என்பது அவர் போட்ட நிபந்தனை.)

ஒரே ஒரு படம் எடுத்துவிட்டு சீரியலுக்குப் போய்விட்டீர்களே, அது ஓர் இறக்கம் இல்லையா?
- வங்கி ஊழியர், பாளையங்கோட்டை

இறக்கம்தான் சார். மாடியிலிருந்து இறங்கி அடுப்படிக்கு வந்தேன். சோறு அங்கேதானே இருக்கிறது.

1994-ல் என் படம் வந்து போனது. அதற்கப்புறம் இரண்டு வருடம் கதை சொல்லிக்கொண்டே திரிந்தேன். சாலிகிராமத்தில் ஒண்டுக் குடித்தனம், மகளுக்கு ஒன்றரை வயது, ஐந்து மாத வாடகை பாக்கி. கதை கேட்டவர்கள் எல்லோரும் காபி கொடுத்தார்கள். சிலர் பிஸ்கட்டும் கொடுத்தார்கள். அந்தச் சமயத்தில் ஒரு தொடரை இயக்கிக்கொண்டிருந்தவர் பாதியில் விலகிவிட, திங்கட்கிழமை வந்து நிற்க முடியுமா என்று கேட்டு ஆள் வந்தது. ஞாயிற்றுக்கிழமையே போய் நின்றேன்.

கௌரவக் குறைச்சலாக எனக்கும் இருந்தது. ஊரில் யாராவது கேட்டால் "டிவிக்கு ஒரு வேலை" என்று மழுப்புவேன். பாலசந்தர் அதற்கு முன்னாலேயே தூர்தர்ஷனுக்கு 'ரயில் சிநேகம்' எடுத்திருந்தார். அவரே பண்ணியாச்சு, நமக்கென்ன என்று மனசைத் தேற்றிக்கொள்வேன். பின்னாளில் 'மெட்டி ஒலி' எடுத்த திருமுருகன் அந்தப் பேரோடு 2006-ல் 'எம் மகன்' எடுக்கப் போனார். ஆக, கதவு இரண்டு பக்கமும் திறந்துதான் கிடந்தது. நான் திரும்பிப் போகவில்லை, அவ்வளவுதான். மாதாமாதம் வாடகை கொடுத்துப் பழகிவிட்டது.

சீரியலில் ஒரே விஷயத்தை நாலு பேர் வாயால் நாலு தடவை ஏன் சொல்ல வைக்கிறீர்கள்? எங்களுக்கு ஒரு தடவை சொன்னால் புரியாதா?
- இல்லத்தரசி, விக்கிரமசிங்கபுரம்

புரியும் தாயி. ஆனால் அந்த ஒரு தடவை சொல்லும்போது நீங்கள் குக்கர் விசிலை எண்ணிக்கொண்டிருந்தால்?

இதை எனக்குச் சொல்லிக் கொடுத்தது எங்கள் அம்மா. 1998 பொங்கலுக்கு ஊருக்கு வந்திருந்தேன். என் தொடர் அப்போது வாரம் ஒரு நாள் வரும். அன்றைக்கு வந்த எபிசோடில் ஒரு காட்சி, வசனமே கிடையாது. மருமகள் புடவை மடிக்கிறாள், ஒரு கடிதத்தை மடிப்புக்குள் வைக்கிறாள், எடுக்கிறாள், மறுபடி வைக்கிறாள். இரண்டு நிமிடக் காட்சிக்கு அரை நாள் எடுத்துக்கொண்டேன். மானேஜர் மணிக்கட்டைக் காட்டிக்கொண்டே நின்றார், நான் அசரவில்லை. ஜன்னல் வெளிச்சம் புடவை ஓரத்தில் விழுந்தது இன்னும் கண்ணிலேயே நிற்கிறது.

அம்மா டிவிக்கு முதுகைக் காட்டிக்கொண்டு அருவாமனையில் உட்கார்ந்திருந்தாள். மறுநாள் சொதிக்கு ஒரு சுளகு நிறைய உள்ளி உரிக்க வேண்டும். என் காட்சி வந்தது. நான் மூச்சை அடக்கிக்கொண்டு அவள் திரும்புவாள் என்று பார்த்திருந்தேன். அரை நிமிடம் போனது. திரும்பாமலே கேட்டாள்: "என்னல, டிவி நின்னு போச்சா?"

அன்றைக்குத்தான் உறைத்தது. சினிமாவுக்கு வருகிறவன் காசு கொடுத்து இருட்டில் உட்காருகிறான், அவனுக்குக் கண்ணைத் தவிர வேறு வேலை கிடையாது. தொடரை நம் வீட்டுப் பெண்கள் காதால்தான் பார்க்கிறார்கள். உள்ளியிலிருந்து எப்போது தலையை நிமிர்த்த வேண்டும் என்பதைச் சத்தம்தான் அவர்களுக்குச் சொல்கிறது. 'டமார்' என்று ஒரு சத்தம் போட்டு மூன்று முகத்தைத் தனித்தனியாகக் காட்டுகிறோமே, எல்லோரும் கேலி செய்வார்களே, அது "ஏளா, இங்க பாரு" என்று கூப்பிடுவது. அதற்குப் பிறகு எடிட்டிங் அறையில் ஒவ்வொரு எபிசோடையும் ஒரு முறை கண்ணை மூடிக்கொண்டு கேட்பேன். கதை புரிந்தால் அனுப்புவேன். தூங்குகிறேன் என்று நினைத்து ஒரு எடிட்டர் டீ வாங்கிக்கொண்டு வந்து எழுப்பியிருக்கிறார்.

இவ்வளவும் நியாயமான காரணம். நியாயமில்லாத காரணமும் உண்டு. அரை மணி நேரத் தொடரில் விளம்பரம் போக 22 நிமிடம் நிரப்ப வேண்டும். வாரத் தொடர் போய் தினத் தொடர் வந்தபின், நாளைக்கு ஒரு எபிசோட் எடுத்தால்தான் வண்டி ஓடும். வசனப் பேப்பர் காலை ஒன்பது மணிக்கு வர வேண்டியது பதினொன்றுக்கு வரும், அதுவும் பாதிதான் வரும். மீதியை எதை வைத்து நிரப்புவது? முகத்தை வைத்துத்தான். கடைசி வருடங்களில் வியாழக்கிழமை வந்தால் ரேட்டிங் வேறு. மாமியார் அறைந்த வாரத்தில் புள்ளி ஏறினால், அடுத்த வாரமும் அறைய வேண்டும். நாலில் இரண்டு தடவை அம்மாவுக்காக, மற்ற இரண்டும் எங்கள் பிழைப்புக்காக. மன்னித்துக்கொள்ளுங்கள்.

நடிகர் பாதியில் விலகிவிட்டால் என்ன செய்வீர்கள்?
- கல்லூரி மாணவி, மேலப்பாளையம்

சண்டை இல்லாமல் போனால் வெளிநாட்டுக்கு அனுப்புவோம். சண்டை போட்டுப் போனால் போட்டோவுக்கு மாலை. அவசரமென்றால் 'இவருக்குப் பதில் இவர்' என்று ஒரு கார்டு.

உதவி இயக்குநருக்கு என்னதான் வேலை? படம் பார்க்கும்போது பத்துப் பதினைந்து பேர் வருகிறதே!
- மாணவர், பேட்டை

அந்தப் பதினைந்தில் நான் கடைசிப் பெயராக ஓடியவன், அதனால் என்னிடம் கேட்பது சரிதான்.

கிளாப் அடிப்பது, வசனம் சொல்லிக்கொடுப்பது, கூட்டத்தை நகர்த்துவது, பெரிய நடிகருக்குத் தயிர்சாதம் வந்ததா என்று பார்ப்பது, இதெல்லாம் எல்லோருக்கும் தெரிந்தது. இதில் ஆளைக் கொல்கிற வேலை கன்டினியூட்டி. ஒரு காட்சியின் முதல் ஷாட்டைக் காலையில் எடுப்பார்கள், அடுத்த ஷாட்டை மத்தியானம் எடுப்பார்கள், நடுவில் வருவதை மூன்று வாரம் கழித்து வேறு ஊரில் எடுப்பார்கள். ஒட்டிப் பார்த்தால் ஒரே மூச்சில் நடந்தது போல இருக்க வேண்டும். பூ எந்தப் பக்கம் தொங்கியது, டம்ளரில் காபி எவ்வளவு இருந்தது, கைக்கட்டு இடதா வலதா, அத்தனையும் நோட்டில் ஏற வேண்டும். இப்போது போல மானிட்டரில் திரும்ப ஓட்டிப் பார்க்கிற வசதியெல்லாம் எங்கள் யூனிட்டுக்குக் கிடையாது. 400 அடி பிலிம் போட்டால் நாலரை நிமிடத்துக்குள் தீர்ந்துவிடும், ஆயிரம் அடி என்றால் பதினோரு நிமிடம். கேமராவுக்குள் பிலிம் ஓடுகிற 'கிர்ர்' சத்தம் தயாரிப்பாளர் காதில் காசு எண்ணுகிற சத்தம்தான். தப்பு நடந்திருந்தால் பிரிண்ட் போட்டுப் பார்க்கும்போதுதான் தெரியும்.

1986 என்று நினைவு. தாமிரபரணிப் படித்துறையில் ஒரு காட்சி. கதாநாயகன் தாய்மாமனை எதிர்த்துப் பேச வேண்டும். காலையில் அகலமான ஷாட்: ஆள் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு நிற்கிறான். அப்புறம் இடுப்புக்கு மேல் நெருக்கமான ஷாட்டுகள். சாப்பாட்டுக்கு விட்டார்கள். நடிகர் சாப்பிட உட்காரும்போது வேட்டியை இறக்கி விட்டார், திரும்பி வந்து அப்படியே நின்றார். கடைசியில் மறுபடி அகலமான ஷாட். என் நோட்டில் 'சட்டைக் கை: இடது இரண்டு மடிப்பு, வலது மூன்று' என்று சுத்தமாக எழுதி வைத்திருந்தேன். வேட்டியை எழுதவில்லை.

வேறு ஊர்க்காரருக்கு இது ஒரு சின்னப் பிசகு. நம் பக்கத்தில் பெரியவர் எதிரே வந்தால் மடித்துக் கட்டிய வேட்டியை இறக்கி விடுவது மரியாதை அல்லவா? படம் வந்த மூன்றாம் நாள் திருநெல்வேலியில் ஒரு தியேட்டரில் பெஞ்சு டிக்கெட்டில் உட்கார்ந்து பார்த்தேன். கதாநாயகன் "உம்ம சொத்தும் வேண்டாம், உம்ம பொண்ணும் வேண்டாம்" என்று கர்ஜிக்கிறான். ஷாட் மாறுகிறது. வேட்டி கணுக்கால் வரை இறங்கிக் கிடக்கிறது. பின்னாலிருந்து ஒரு குரல்: "ஏல, மாமாவப் பாத்து பயந்துட்டாம்ல!" தியேட்டரே சிரித்தது. படத்தின் முக்கியமான காட்சி அது.

சென்னைக்குப் போனதும் நானே டைரக்டரிடம் சொன்னேன். அவர் நம் பக்கத்து ஆள் இல்லை, இதில் சிரிக்க என்ன இருக்கிறது என்று முதலில் புரியவில்லை. விளக்கிச் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "வேட்டி எப்போ இறங்கிச்சு?" என்று மட்டும் கேட்டார். என்னிடம் பதில் இல்லை. ஒரு வாரம் அவர் என்னோடு பேசவில்லை. அதற்குப் பிறகு எந்தப் படத்துக்குப் போனாலும் என் நோட்டில் முதல் வரி வேட்டிதான்.

சினிமாவிலும் சீரியலிலும் நெல்லைத் தமிழ் என்றால் வரிக்கு வரி 'ஏலே' போடுகிறார்களே, உங்களுக்கு எரிச்சல் வருவதில்லையா?
- ஆசிரியை, தென்காசி

வரும் டீச்சர். ஏல என்று கூப்பிட ஓர் உரிமை வேண்டும். கூடப் படித்தவனை, தம்பியை, மகனைக் கூப்பிடலாம். சினிமாவில் மருமகன் மாமனாரைப் பார்த்தே 'ஏலே' என்கிறான். உண்மையில் அப்படிச் சொன்னால் கல்யாணம் நடக்காது.

நம் பேச்சின் அடையாளம் வாக்கியத்தின் வாலில் இல்லை, வினைச்சொல்லில் இருக்கிறது. 'சொல்றேன்' இல்லை, 'சொல்லுதேன்'. 'நிக்கிறான்' இல்லை, 'நிக்கான்'. பெரியவர்கள் 'வந்தாவ', 'போனாவ'. இதைச் சரியாக வைத்துவிட்டால் ஒரு 'ஏல' கூட இல்லாமல் ஆளை அம்பாசமுத்திரத்துக்காரனாக்கிவிடலாம். அதிலும் மேலப்பாளையத்தில் வாப்பா, உம்மா. செங்கோட்டைப் பக்கம் போனால் மலையாளக் காற்று. உவரிக் கடற்கரையில் வேறு ஓட்டம். உங்கள் தென்காசி 2019 நவம்பரில் தனி மாவட்டமாகிவிட்டது, பேச்சு இன்னும் பிரியவில்லை.

என் மூன்றாவது தொடரில் சென்னைப் பெண் ஒருத்தியை இரண்டு நாள் உட்காரவைத்து 'சொல்லுதேன், வாரேன்' பழக்கினேன். அருமையாகப் பிடித்துக்கொண்டாள். பத்து எபிசோட் போனதும் மேலேயிருந்து, மற்ற மாவட்டத்துக்குப் புரியாது, குறையுங்கள் என்று உத்தரவு வந்தது. கதாநாயகியை மாற்றினேன். ஆச்சி வேடத்தை மட்டும் மாற்றவில்லை. கிழவி பேசுவது புரியாவிட்டால் யாரும் புகார் செய்வதில்லை, உங்கள் வீட்டிலும் அப்படித்தானே.

இன்ஜினீயரிங் முடித்த மகன் டைரக்டர் ஆகப் போகிறேன் என்று நிற்கிறான். அடித்துச் சொல்லவா, அணைத்துச் சொல்லவா?
- கவலையுள்ள தகப்பனார், வள்ளியூர்

அண்ணாச்சி, அடித்தால் ராத்திரி நெல்லை எக்ஸ்பிரஸில் ஏறிவிடுவான். நான் அப்படித்தான் ஏறினேன்.

தரமணியில் அரசு திரைப்படக் கல்லூரி இருக்கிறது. இயக்கமும் திரைக்கதையும் நாலு வருடப் பட்டப்படிப்பு. இன்னொரு நாலு வருடமா என்று உங்களுக்கு மயக்கம் வரும். படிக்காமல் நேரே உதவி இயக்குநராகவும் போகலாம். அப்படிப் போனால் ஒன்றைக் கவனியுங்கள். சம்பளம் படம் முடிகிறபோது வந்தால் வந்தது, ஷூட்டிங் நாளில் பேட்டா மட்டும் கையில் கிடைக்கும். ஷூட்டிங் இல்லாத மாதம் சோற்றுக்கு என்ன வழி? ஒரு வருட அறை வாடகையையும் சாப்பாட்டுச் செலவையும் ஒரு கணக்கில் போட்டு, அவன் கையில் கொடுக்காமல் அவன் அம்மா கையில் கொடுத்து வையுங்கள். பசியோடு கதை சொன்னால் கதையில் பசிதான் இருக்கும். அனுபவத்தில் சொல்லுதேன்.

போவதற்கு முன் இன்னொன்று. அம்பாசமுத்திரம், குற்றாலம் பக்கம் எப்போதும் ஏதாவது ஒரு யூனிட் கிடக்கும். போய் ஓர் ஓரமாக மூன்று நாள் நிற்கச் சொல்லுங்கள். சூரியன் மேகத்தை விட்டு வெளியே வருவதற்காக அறுபது பேர் வானத்தைப் பார்த்துக்கொண்டு நிற்பார்கள். சாரல் சீசன் என்றால் கேட்கவே வேண்டாம், கேமராவுக்குக் குடை பிடித்தே நாள் போய்விடும். நாலாம் நாளும் போகிறேன் என்று சொன்னால் அவன் ஆசையை நம்புங்கள்.

உடன் வேலை செய்த நடிகைகள் பற்றி ஏதாவது சுவாரசியமாக...
- டீக்கடை, நாங்குநேரி

தெரியும். சொல்ல மாட்டேன்.

நம் சீமையிலிருந்து போய் சினிமாவில் ஜெயித்தவர்கள் யார் யார்?
- ஓய்வு பெற்ற தபால்காரர், வீரவநல்லூர்

ஜெயித்தவர்களை உங்களுக்கே தெரியும். நாசரேத் பக்கத்து ஹரி, புளியங்குளத்து மாரி செல்வராஜ். ஒருவர் படத்தில் சுமோ பறக்கும், இன்னொருவர் படத்தில் கழுதையும் நாயும் நம்மைப் பார்த்து நிற்கும். இரண்டு மண்ணும் பக்கத்துப் பக்கத்தில்தான் இருக்கிறது.

நான் ஜெயிக்காத ஒருவரைச் சொல்கிறேன். புதுமைப்பித்தன். பத்திரிகை வேலையை விட்டு சினிமாவுக்கு எழுதப் போனார். அதோடு நிற்காமல் 'பர்வதகுமாரி புரொடக்‌ஷன்ஸ்' என்று சொந்தக் கம்பெனி தொடங்கி, குற்றாலக் குறவஞ்சிக் கதையை 'வசந்தவல்லி' என்று படமாக எடுக்கக் கிளம்பினார். பாருங்கள், சென்னையில் உட்கார்ந்துகொண்டு மனிதர் குற்றாலத்தைத்தான் எடுக்க நினைத்திருக்கிறார்! படம் நடக்கவில்லை. பாகவதரின் 'ராஜமுக்தி'க்கு எழுதப் புனேவுக்குப் போன இடத்தில் காசநோய் முற்றியது. 1948-ல் திருவனந்தபுரத்தில் கண்ணை மூடினார், 42 வயது. முப்பது வருடம் கழித்து அவருடைய 'சிற்றன்னை'யை வைத்துக்கொண்டு மகேந்திரன் 'உதிரிப்பூக்கள்' எடுத்தார். 1979. அந்தப் படத்தை நான் கல்லூரியில் படிக்கும்போது நாலு தடவை பார்த்தேன். நாலாவது தடவை பேசுகிறவர்களை விட்டுவிட்டு, பேசாமல் நிற்கிற குழந்தைகளை மட்டும் பார்த்தேன். நான் சினிமாவுக்குப் போனது அந்த நாலாவது தடவையால்.

உங்கள் படத்தை எங்கே பார்க்கலாம்?
- வாசகர், சேரன்மகாதேவி

என் வீட்டு பீரோவில். ஒரு விஎச்எஸ் கேசட், அதில் பூஞ்சை. நெகட்டிவ் ஒரு லேபில் இருந்தது. வாடகை கட்ட ஆளில்லாமல் கிடந்து வீணாகிப்போனது என்று பிறகு கேள்விப்பட்டேன். அதற்காக யாரிடம் போய்ச் சண்டை போடுவது? தயாரிப்பாளர் உப்பு வியாபாரத்துக்கே திரும்பிவிட்டார்.

அதில் நினைவு வைத்திருக்க ஒரு விஷயம் உண்டு. கதையை நான் பிசானப் பருவத்து நெல் வயலை நினைத்து எழுதியிருந்தேன். தை மாதம், பயிர் இடுப்பளவு, வரப்பில் அக்காளும் தங்கையும் நடந்துகொண்டே சொத்துப் பிரிப்பதைப் பற்றிப் பேசுகிறார்கள். கதாநாயகனின் கால்ஷீட் மே மாதம் கிடைத்தது. மே மாதத்தில் அம்பாசமுத்திரத்தில் வயல் எப்படி இருக்கும்? பிசானம் அறுத்தாச்சு, அடுத்த பருவமான கார் நடவுக்கு இன்னும் தண்ணீர் விடவில்லை. வெறும் தாள் கட்டை, வெடிப்பு. வரப்பில் உட்கார்ந்து ஒரு மணி நேரம் அழுதேன் என்று சொன்னால் மிகை, ஆனால் உட்கார்ந்தேன். அப்புறம் அக்காளைச் செருப்பைக் கழற்றச் சொன்னேன். காய்ந்த தாள் காலில் குத்தக் குத்த அவள் பேசுகிறாள், தங்கை செருப்போடு நடக்கிறாள். வசனத்தில் ஒரு வரி மாற்றவில்லை. யார் விட்டுக்கொடுக்கப் போகிறாள் என்பது நடையிலேயே தெரிந்துவிட்டது.

படம் இங்கே பதினோரு நாள் ஓடியது. கடைசி நாள் மாலைக் காட்சியில் எண்ணிப் பார்த்தேன், இருபத்து மூன்று பேர், அதில் ஆறு பேர் என் சொந்தம். வெளியே வரும்போது முன்பின் தெரியாத ஓர் ஆள் தன் பெண்டாட்டியிடம் அந்தக் காய்ந்த வயலைப் பற்றிச் சொல்லிக்கொண்டு போனான். ரதவீதி முக்குவரை அவர்கள் பின்னாலேயே நடந்தேன்.

செல்போனில் ஒன்பது நிமிடக் குறும்படம் எடுத்திருக்கிறேன், அனுப்பியிருக்கிறேன். பார்த்துவிட்டு உண்மையைச் சொல்லுங்கள்.
- பிளஸ் டூ மாணவர், ஆலங்குளம்

மூன்று தடவை பார்த்தேன் தம்பி. ஒரு தடவை கண்ணை மூடிக்கொண்டு.

தாத்தா நன்றாக நடித்திருக்கிறார். உங்கள் சொந்தத் தாத்தாவாகத்தான் இருக்க வேண்டும், கேமராவை ஒரு சாமானாகக்கூட மதிக்கவில்லை. பின்னணி இசையைத் தூக்கிவிடுங்கள். கிணற்று மோட்டார் சத்தம் தானாக விழுந்திருக்கிறதே, அது போதும். டிரோன் ஷாட் எதற்கு? யாரிடமோ இரவல் வாங்கியது தெரிகிறது.

குறை ஒன்றே ஒன்று. தாத்தா நிலத்தை விற்றுவிட்டதைச் சொல்கிற இடத்தில், இரண்டு நிமிடம் அவர் முகத்தையே காட்டுகிறீர்கள். கேட்டுக்கொண்டிருக்கிற பேரன் எங்கே? அவன் என்ன செய்கிறான்? கேட்கிறவன் முகம் இல்லாமல் அந்தச் செய்தி யாருக்கும் போய்ச் சேரவில்லை. இந்த ஞாயிற்றுக்கிழமை அதே திண்ணையில், அதே சாயங்கால வெளிச்சத்தில், தாத்தாவை மறுபடி பேசச் சொல்லிவிட்டு, பேரனை மட்டும் எடுங்கள். முழு ரெண்டு நிமிடமும் எடுங்கள், வெட்டுவதைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம். தாத்தாவின் தோளும் காலும் ஓரத்தில் விழும், அதனால் அன்றைக்குப் போட்ட அதே சட்டை. வேட்டியை மடித்துக் கட்டியிருந்தாரா, இறக்கி விட்டிருந்தாரா என்று பழைய ஷாட்டைப் பார்த்துவிட்டு ஆரம்பியுங்கள்.